கேமராவுக்கு முன்னால் கைதட்டியவர்கள்

‘தி சாக்ரமென்ட்’ படத்தில் ஒரு பேட்டிக் காட்சி வருகிறது. ராத்திரி நேரம். காட்டுக்கு நடுவே, சுவர் இல்லாமல் கூரை மட்டும் போட்ட பெரிய கொட்டகை. ஊரே திரண்டு உட்கார்ந்திருக்கிறது. நியூயார்க்கிலிருந்து வந்த நிருபர் கேள்விகளைத் தயார் செய்துகொண்டு காத்திருக்கிறார். எல்லோரும் ‘ஃபாதர்’ என்று கூப்பிடும் மனிதர் கூட்டத்தின் நடுவே சாவகாசமாக நடந்து வருகிறார். வயதானவர், கனத்த உடம்பு, கண்ணே தெரியாத கண்ணாடி, பேரப்பிள்ளைகளுக்குக் கதை சொல்கிற குரல். நிருபர் கேள்வி கேட்கிறார். அவர் பதிலை நிருபருக்குச் சொல்வதில்லை, கூட்டத்துக்குச் சொல்கிறார். கூட்டம் கைதட்டுகிறது. அடுத்த கேள்வி, மறுபடி கைதட்டல். கொஞ்ச நேரத்தில் யார் யாரைப் பேட்டி எடுக்கிறார்கள் என்பதே மாறிவிடுகிறது. நிருபரின் மனைவி கர்ப்பமாக இருப்பது தனக்குத் தெரியும் என்பதைப் போகிற போக்கில் ஃபாதர் சொல்லும்போது, அந்த இளைஞனின் முகத்தில் இருந்த தைரியம் வடிந்துவிடுகிறது.

படத்தின் பின்பாதியில் துப்பாக்கி, விஷம், தீ எல்லாம் வரிசையாக வருகின்றன. திகில் படத்துக்கு உரிய சாமான்கள்தானே, வந்துதான் ஆகவேண்டும். எனக்கு வயிற்றைப் பிசைந்தது அந்தக் கைதட்டல்தான். ஏன் என்று யோசித்துக்கொண்டே போனதில் படத்தை விட்டு வெகுதூரம் போய்விட்டேன். அதைத்தான் இங்கே எழுதுகிறேன். கதை முழுவதும் வெளிப்படும், படம் பார்க்க நினைப்பவர்கள் பார்த்துவிட்டு வரலாம்.

2013-இல் வந்த படம். இயக்கியவர் டை வெஸ்ட். தயாரித்தவர்களில் ஒருவர், ரத்தக்களரிப் படங்களுக்குப் பேர்போன ஈலை ராத். போதைப் பழக்கத்திலிருந்து மீண்ட கரோலின் என்ற பெண், எங்கோ வெளிநாட்டில் ஒரு மதக்குழுவோடு வாழ்கிறாள். அவளிடமிருந்து அண்ணன் பாட்ரிக்குக்குக் கடிதம் வருகிறது. அவன் அவளைப் பார்க்கக் கிளம்ப, ‘வைஸ்’ ஊடக நிறுவனத்தின் நிருபரும் கேமராமேனும் கூடவே ஒட்டிக்கொள்கிறார்கள். ஹெலிகாப்டர் இறங்கும் இடத்திலேயே துப்பாக்கியோடு ஆட்கள் நிற்கிறார்கள். உள்ளே போனால் ஊர் அமைதியாக, அழகாக இருக்கிறது. ‘ஈடன் பாரிஷ்’ என்று பெயர். நாம் பார்ப்பதெல்லாம் அந்தக் கேமராமேன் எடுத்த காட்சிகள் என்பதுதான் படத்தின் உத்தி. இந்த வகைக்கு ‘ஃபவுண்ட் ஃபுட்டேஜ்’ என்று பெயர்: நடந்ததை யாரோ எடுத்து வைத்தார்கள், அது பிற்பாடு நம் கைக்குக் கிடைத்தது என்ற பாவனை.

பெயர்களை மாற்றியிருந்தாலும் இது எந்த ஊரின் கதை என்பதில் யாருக்கும் சந்தேகம் வராது. தென் அமெரிக்காவின் கயானாவில், வெனிசுவேலா எல்லைப் பக்கத்துக் காட்டில் இருந்த ஜோன்ஸ்டவுன். 1978-இல் ஒரே நாளில் 900-க்கும் மேற்பட்டவர்கள், பெரும்பாலும் விஷத்தால், செத்துப்போன ஊர். கயானா என்றதும் நமக்குக் கிரிக்கெட் ஞாபகம் வரும். இன்னும் கொஞ்சம் தெரிந்தவர்களுக்கு, சென்னையிலிருந்து கப்பலேறிக் கரும்புத் தோட்டங்களுக்குப் போனவர்களும், அங்கே இன்றும் நடக்கும் மாரியம்மன் பூசையும் ஞாபகம் வரும். ஜோன்ஸ்டவுனுக்கும் அதற்கும் தொடர்பில்லை. இது அமெரிக்கர்கள் தங்களுக்கென்று காட்டை வெட்டி உருவாக்கிக்கொண்ட ஊர்.

ஜிம் ஜோன்ஸ் என்ற அமெரிக்கப் போதகர் இண்டியானாபொலிஸ் நகரத்தில் 1950-களில் தொடங்கிய சபை ‘பீப்பிள்ஸ் டெம்பிள்’. வெள்ளையரும் கறுப்பரும் ஒரே பெஞ்சில் உட்காராத காலத்தில் இரண்டு பேரையும் சேர்த்து உட்காரவைத்த சபை அது. ஜோன்ஸே வெவ்வேறு இனக் குழந்தைகளைத் தத்தெடுத்து வளர்த்தார். 1965-இல் கலிஃபோர்னியாவுக்கு இடம்பெயர்ந்தார்கள். சான் பிரான்சிஸ்கோவில் அரசியல்வாதிகள் அவரைத் தேடி வருமளவுக்குச் செல்வாக்கு வளர்ந்தது, நகர வீட்டுவசதி ஆணையத்துக்கே தலைவரானார். உள்ளே அடி, மிரட்டல், போலி அற்புதங்கள், உறுப்பினர்களின் சொத்தைச் சபைக்கு எழுதி வாங்குவது எல்லாம் நடந்தன. 1977-இல் ‘நியூ வெஸ்ட்’ பத்திரிகை இதையெல்லாம் அம்பலப்படுத்தியபோது, அவரும் ஆதரவாளர்களும் கூட்டம் கூட்டமாகக் கயானாவுக்குப் போய்விட்டார்கள்.

அடுத்த ஆண்டு, உறவினர்களின் புகார்களை விசாரிக்க லியோ ரயன் என்ற அமெரிக்கக் காங்கிரஸ் உறுப்பினர் அங்கே போனார். கூடவே என்பிசி தொலைக்காட்சிக் குழுவும் பத்திரிகையாளர்களும் போனார்கள். 1978 நவம்பர் 17 இரவு, கொட்டகையில் அவர்களுக்கு விருந்து. பாட்டு, இசைக்குழு, ஆட்டம். ரயனை மைக் பிடிக்கச் சொல்கிறார்கள். விசாரணைக்கு வந்ததை மறைக்காமல் சொல்கிறார், அப்புறம், இங்கே சிலரோடு பேசிப் பார்த்ததில், தங்கள் வாழ்க்கையில் நடந்ததிலேயே சிறந்த விஷயம் இந்த இடம்தான் என்று நம்புகிறவர்கள் இருக்கிறார்கள் என்கிறார்.

கொட்டகை வெடிக்கிறது. கைதட்டல், கூச்சல், மறுபடி கைதட்டல். இது என்பிசி கேமராவில் பதிவாகியிருக்கிறது, தேடினால் எவரும் பார்க்கலாம். ரயன் அடுத்த வார்த்தைக்கு வாய் திறக்க முடியாமல் நிற்கிறார், கைதட்டல் நிற்கிற வழியாக இல்லை.

சில வருஷம் கல்யாண வீடியோ எடிட் செய்து பிழைத்தவன் நான். வீடியோ லைட் பந்திப் பக்கம் திரும்பியதும் மெல்லுகிற வாய் நின்று, எல்லா முகத்திலும் ஒரே சிரிப்பு ஏறும். லைட் நகர்ந்ததும் அது இறங்கிவிடும். அந்த இறங்குகிற அரை நொடியை வெட்டி எறிவதுதான் எங்கள் வேலை. என்பிசி காட்சியைப் பார்க்கும்போது நான் தேடியது அந்த அரை நொடியைத்தான். கிடைக்கவில்லை. அங்கே நிறையப் பேர் உண்மையாகவே சந்தோஷமாக இருந்தார்கள், மற்றவர்கள் அவர்களைப் பார்த்துத் தட்டினார்கள். எது எந்தக் கை என்று வெளியே இருந்து பிரிக்கவே முடியாது. பிரிக்க முடியாமல் இருப்பதுதான் கைதட்டலின் உபயோகமே. வெளியாட்களிடம் என்ன பேசவேண்டும் என்று முன்கூட்டியே பயிற்சி கொடுத்திருந்தார்கள் என்று உயிர் தப்பியவர்கள் பிறகு சொன்னார்கள். ஆனால் பயிற்சி மட்டும் இருந்தால் சத்தம் வரும், அந்த ஆவேசம் வராது.

அதே இரவில், அதே கொட்டகையில், ஒருவர் என்பிசி நிருபர் டான் ஹாரிஸிடம் ஒரு துண்டுச் சீட்டை நழுவவிட்டார். இரண்டு பேரின் பெயர், ஜோன்ஸ்டவுனை விட்டு வெளியேற உதவுங்கள் என்ற வேண்டுகோள், அவ்வளவுதான் எழுதியிருந்தது. மறுநாள் ஹாரிஸ் அந்தச் சீட்டைக் கேமராவுக்கு முன்னாலேயே ஜோன்ஸிடம் நீட்டிக் கேட்கிறார். மனிதர்கள் பொய் சொல்வார்கள், விளையாடுவார்கள் என்று ஜோன்ஸ் சமாளிக்கிறார். படத்தில் இந்தச் சீட்டைக் கொண்டுவருவது பேச முடியாத ஒரு சிறுமி. வெஸ்ட் கொஞ்சம் அழுத்திவிட்டார் என்றுதான் எனக்குத் தோன்றியது. நிஜத்தில் சீட்டைக் கொடுத்தவர் மற்றவர்களைப் போலவே பேசி, உண்டு, வேலை செய்துகொண்டிருந்த ஒரு இளைஞர். அதுதான் இன்னும் பயங்கரம். பக்கத்தில் உட்கார்ந்து தட்டிக்கொண்டிருப்பவனின் பாக்கெட்டில் சீட்டு இருக்கலாம்.

இந்த வகைப் படங்களைப் பற்றி எல்லோரும் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: உயிர் போகிற நேரத்தில் எவனாவது கேமராவைப் பிடித்துக்கொண்டிருப்பானா, கீழே போட்டுவிட்டு ஓடவேண்டியதுதானே? நியாயமான கேள்வி. பெரும்பாலான படங்களிடம் பதிலும் கிடையாது. ஜோன்ஸ்டவுனிடம் பதில் இருக்கிறது, பாப் பிரவுன். நவம்பர் 18 மாலை, வெளியேற விரும்பிய ஒரு சிறு கூட்டத்தோடு ரயன் குழு போர்ட் கைட்டுமா விமான ஓடுதளத்துக்கு வந்து சேர்ந்தது. ஜோன்ஸின் ஆட்கள் டிராக்டரில் கட்டிய டிரெய்லரில் வந்து இறங்கிச் சுட ஆரம்பித்தார்கள். என்பிசி ஒளிப்பதிவாளர் பிரவுன் கேமராவை அவர்கள் பக்கம் திருப்பி எடுத்துக்கொண்டே இருந்தார், தானே சுடப்பட்டு விழும்வரை. சில நொடிகள்தான் அது. டிராக்டர், மனிதர்கள், பிறகு கலைந்த படம், பிறகு ஒன்றுமில்லை. ரயன், ஹாரிஸ், பிரவுன், ‘சான் பிரான்சிஸ்கோ எக்ஸாமினர்’ புகைப்படக்காரர் கிரெக் ராபின்சன், வெளியேற வந்த பெண்களில் ஒருவர் என ஐந்து பேர் அங்கே இறந்தார்கள். ரயனின் உதவியாளர் ஜாக்கி ஸ்பியர் பல குண்டுகள் வாங்கியும் பிழைத்தார், பின்னாளில் அவரே காங்கிரஸ் உறுப்பினரானார்.

கேமராவை ஏன் கீழே போடவில்லை என்று பிரவுனை யாரும் கேட்க முடியாது. தொழில் கையில் ஊறிப்போனால் அப்படித்தான் போலிருக்கிறது. வெஸ்டின் கேமராமேனும் பலமுறை ஓட நினைத்து எடுத்துக்கொண்டே இருக்கிறான். அதுவரை நான் படத்தோடு ஒத்துப்போகிறேன். ஆனால் பின்பாதியில் சில காட்சிகளை யார் எடுத்தார்கள் என்று கேட்டால் படத்திடம் பதில் இல்லை. அதற்கும் மேல் பின்னணி இசை வேறு. கிடைத்த காட்சி என்று சொல்லிவிட்டு, பயப்படவேண்டிய இடத்தில் இசையை ஏற்றினால் எப்படி? தொகுத்து வெளியான ஆவணப்படம் என்று சமாதானம் சொல்லலாம். சமாதானம்தான்.

ஓடுதளத்தோடு நிஜத்தின் படப்பதிவு முடிந்துவிடுகிறது. அதே நேரத்தில் சில மைல் தொலைவில் கொட்டகையில் நடந்ததற்குப் படமே கிடையாது. ஒலி மட்டும் இருக்கிறது. ஊரில் கைப்பற்றிய 900-க்கும் மேற்பட்ட ஒலிநாடாக்களில் ஒன்றுக்கு எஃப்பிஐ கொடுத்த எண் கியூ 042. முக்கால் மணி நேரம் ஓடும். சாவுக் கூட்டத்தைச் சபையே பதிவு செய்திருக்கிறது. இடையிடையே பதிவு அறுந்து மறுபடி தொடங்குகிறது, அதாவது யாரோ ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து பொத்தானை அமுக்கிக்கொண்டிருந்திருக்கிறார்.

ஜோன்ஸ் நாக்குக் குழறப் பேசுகிறார். உங்களுக்கு நல்ல வாழ்க்கை கொடுக்க எவ்வளவோ முயன்றேன் என்று ஆரம்பிக்கிறார். ரயனின் விமானத்தில் விபரீதம் நடக்கப்போகிறது, அப்புறம் ராணுவம் வரும், நம் குழந்தைகளைச் சித்திரவதை செய்வார்கள், அதற்கு முன்னால் நாமே போய்விடலாம் என்கிறார். அப்போது ஒரு பெண் எழுந்து பேசுகிறார். கிறிஸ்டின் மில்லர், அறுபது வயது. ரஷ்யாவுக்குப் போக இனி வழியே இல்லையா என்று கேட்கிறார் (அங்கே குடியேறுவது பற்றிச் சபையில் முன்பே பேச்சு இருந்தது). உயிர் இருக்கும்வரை நம்பிக்கை இருக்கிறது என்கிறார். குழந்தைகளைப் பார்க்கிறேன், அவர்கள் வாழவேண்டியவர்கள் என்கிறார். எனக்கென்று ஒரு கருத்து வைத்துக்கொள்ள உரிமை இருக்கிறது என்கிறார்.

இங்கே கவனிக்கவேண்டியது, ஜோன்ஸ் அவரை வாயை மூடச் சொல்வதில்லை. மரியாதையாகவே பதில் சொல்கிறார், நீ சொல்வதைக் கேட்கிறேன் என்ற தோரணையில். அடக்குவது கூட்டம். நீ இங்கே நிற்பதே அவரால்தான் என்று ஒருவர் சொல்கிறார். கூச்சல், ஆமோதிப்பு, கைதட்டல். அந்த அம்மாவின் குரல் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீருக்குள் போவதுபோல அமுங்குகிறது. முதல் நாள் இரவு ரயனைப் பேசவிடாமல் செய்த அதே சத்தம். அன்றைக்கு அது சந்தோஷமாகக் கேட்டது, அவ்வளவுதான் வித்தியாசம். அதன் பிறகு வருகிற குழந்தைகளின் அழுகையை நான் ஒரு தடவைக்கு மேல் கேட்கவில்லை.

படத்தில் கிறிஸ்டின் மில்லர் மாதிரி ஒருவர் இல்லை. அங்கே சாவுக் காட்சி ஓட்டமும் அலறலுமாகப் போகிறது. குழந்தையை இழுத்துக்கொண்டு ஓடுகிறவர்கள், அமைதியாகக் கோப்பையை வாங்குகிறவர்கள், அழுகிறவர்கள் எல்லாம் உண்டு. ஆனால் ஒருவர் நின்று, காரணம் சொல்லி, கேள்வி கேட்டு, பதில் வாங்கி, தோற்றுப்போகிற அந்தக் கொஞ்ச நேரம் இல்லை. முதல் பாதியில் கைதட்டலை அவ்வளவு நன்றாகப் புரிந்துகொண்ட இயக்குநர், அது எதற்காகப் பழக்கப்படுத்தப்பட்டதோ அந்த இடத்துக்கு வந்ததும் விட்டுவிட்டார் என்பதுதான் என் பெரிய குறை. ஜோன்ஸ்டவுனில் இதற்கு ஒத்திகையே நடந்திருக்கிறது. ‘வெள்ளை இரவு’ என்று பெயர் வைத்து, நடு ராத்திரியில் ஒலிபெருக்கியில் எல்லோரையும் எழுப்பிக் கூட்டி, எதிரி வந்துவிட்டான் என்பார்கள். ஒருமுறை விஷம் என்று சொல்லி ஏதோ குடிக்கவும் வைத்திருக்கிறார்கள். குடித்துவிட்டுக் காத்திருந்தவர்களிடம், இது விசுவாசச் சோதனைதான், போய்ப் படுங்கள் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். படம் ஏறக்குறைய ஒரு நாளில் நடந்து முடிந்துவிடுவதால் இந்த வருஷக்கணக்கான பழக்கத்துக்கு அதில் இடமே இல்லை.

ஒரு காட்சியை மட்டும் விட்டுக்கொடுக்கமாட்டேன். கட்டிப்போட்ட அண்ணனுக்குக் கரோலின் தன் கையாலேயே விஷ ஊசி போடுகிற காட்சி. கேமரா நகராமல் பார்த்துக்கொண்டிருக்கிறது, வெட்டே இல்லாமல் நெடுநேரம். நடித்தவர் ஏமி சைமெட்ஸ். நல்லது செய்கிறோம் என்ற உறுதியும் தாங்கமுடியாத துக்கமும் ஒரே முகத்தில் இருக்கின்றன. ஃபாதராக நடித்த ஜீன் ஜோன்ஸும் அபாரம். ‘நோ கன்ட்ரி ஃபார் ஓல்டு மென்’ படத்தில் பெட்ரோல் பங்கில் நாணயம் சுண்டுகிற காட்சி ஞாபகம் இருக்கிறதா? கல்லாவுக்குப் பின்னால் நின்று, என்ன நடக்கிறது என்று புரியாமல் விழிப்பாரே ஒரு கிழவர், அவர்தான். அங்கே பயப்பட்டவர் இங்கே பயமுறுத்துகிறார், அதுவும் குரலை உயர்த்தாமல்.

ஊசி நிஜத்திலும் உண்டு. ஜோன்ஸ்டவுனில் உடல்களைப் பார்த்த கயானா அரசு மருத்துவர் லெஸ்லி மூட்டூ (அந்தப் பெயரின் மூலம் நம்ம ஊர் முத்துவாக இருக்குமோ என்று ஒரு நிமிஷம் தோன்றியது), பல உடல்களில் ஊசி குத்திய தடயம் கண்டதாகச் சொன்னார். குழந்தைகளுக்கு ஊசி முனை இல்லாத சிரிஞ்சால் வாயில் பீய்ச்சினார்கள். சயனைடும் மயக்க மருந்துகளும் கலந்த திராட்சைச் சுவை பானம் அது. முதலில் குழந்தைகளுக்குத்தான் கொடுத்தார்கள். பெற்றவர்களுக்கு அதன் பிறகு வாழ என்ன இருக்கிறது? சுற்றிலும் துப்பாக்கியோடு காவல் வேறு. முதலில் வந்த எண்ணிக்கை 400 சொச்சம். உடல்மேல் உடலாகக் கிடந்ததில், அடியில் இருந்த குழந்தைகள் கணக்கில் வரவில்லை. ஒரு வாரத்தில் அது இரட்டிப்பைத் தாண்டியது. ஓடுதளத்தில் விழுந்தவர்களையும், தலைநகர் ஜார்ஜ்டவுனில் சபை வீட்டில் இறந்தவர்களையும் சேர்த்து 918 பேர். 300-க்கும் மேற்பட்டவர்கள் பதினெட்டு வயதுக்குக் கீழே.

இறந்தவர்களில் பெரும்பான்மை கறுப்பின மக்கள், அதிலும் ஏராளமான வயதான பெண்கள். அவர்களுடைய ஓய்வூதியக் காசோலைகளில்தான் ஊரே ஓரளவு நடந்தது. படத்தில் கறுப்பு முகங்கள் நிறையத் தெரிகின்றன, இனவெறி, வறுமை என்று ஓரிருவர் பேட்டியில் சொல்லவும் செய்கிறார்கள். ஆனால் படம் அதைத் தொட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறது. இவர்கள் ஏமாளிகள் இல்லை. தங்களுக்கு அமெரிக்கா என்ன கொடுத்தது என்று தெரிந்து, அதைவிட நல்லது ஒன்றைக் கட்டப் போனவர்கள். முன்னால் சொன்ன ஆவேசம் எங்கிருந்து வந்தது என்பதற்கு விடை இங்கேதான் இருக்கிறது. தங்கள் கையால் காடு திருத்திக் கட்டிய ஊரை ஒரு பெரிய மனிதர் பாராட்டினால் யார்தான் தட்டமாட்டார்கள்? அந்தத் தட்டலில் ஜோன்ஸுக்குப் பங்கில்லாத ஒரு பகுதி உண்டு, அதையும் அவர் தன் கணக்கில் வரவு வைத்துக்கொண்டார்.

படத்தில் செத்தவர்களுக்குப் பெயர் இல்லை, கடைசியில் திரையில் எழுத்துகள் ஓடுவதோடு சரி. நிஜத்தில், உறவினர்கள் வாங்கிக்கொள்ளாத 400-க்கும் மேற்பட்ட உடல்களைக் கலிஃபோர்னியாவின் ஓக்லாந்தில் எவர்கிரீன் கல்லறையில் ஒன்றாகப் புதைத்தார்கள். 2011-இல் அங்கே கிரானைட் பலகைகள் பதித்து எல்லாப் பெயர்களையும் செதுக்கினார்கள். ஜிம் ஜோன்ஸின் பெயரும் அதில் இருக்கிறது, மற்றவர்களோடு வரிசையில் ஒன்றாக. அன்று இறந்த எல்லோரையும் பதிவதுதான் நோக்கம் என்றார்கள் வைத்தவர்கள். உறவுகளைப் பறிகொடுத்த சிலர் கூடாது என்று நீதிமன்றம்வரை போனார்கள், பலிக்கவில்லை. நான் நீதிமன்றம் போனவர்கள் பக்கம். பட்டியல் முழுமையாக இருக்கவேண்டும் என்ற வாதம் புரிகிறது, ஆனால் அதற்கு ஒரு புத்தகத்தின் பின்னிணைப்பு போதும். பேத்தி பேரைத் தடவிப் பார்க்க வருகிற கல்லில் அந்த ஆளின் பெயரும் எதற்கு?